நூற்றிருபதில் ஓடிய திரை

பொம்மனஹள்ளியில் போன் வைத்திருப்பவர்களில் பாதிப் பேருக்குத் தங்கள் திரை ஒரு வினாடிக்கு எத்தனை தடவை புதிதாக வரையப்படுகிறது என்று தெரியாது. தெரியாமலேயே நிம்மதியாக இருக்கிறார்கள். அறுபது, தொண்ணூறு, நூற்றிருபது என்று நாங்கள் கடைக்காரர்கள்தான் அதைப் பெரிதுபடுத்துகிறோம்.

மேடம், நீங்கள் என்னிடம் கேட்டது ஒரே ஒரு கேள்வி. போன மாதம் பதினாறாம் தேதி, வியாழக்கிழமை, மாலை ஐந்து இருபத்திரண்டுக்கு உங்கள் மனைவியின் தங்கை வீணா உங்கள் போனுக்குக் கூப்பிட்டிருக்கிறாள், நாற்பத்தேழு வினாடி பேசியிருக்கிறீர்கள், என்ன பேசினீர்கள் என்று கேட்டீர்கள். ஓசூர் போலீஸ் ஸ்டேஷனில் உங்கள் மேசைக்கு எதிரே உட்கார்ந்து, சிக்னல் சரியில்லை, ஒன்றும் கேட்கவில்லை என்று சொன்னேன். நீங்கள் அதை எழுதிக்கொண்டீர்கள். நான் சொன்னது பொய். இப்போது உண்மையைக் கைப்பட எழுதித் தருகிறேன். யாரும் என்னை மிரட்டவில்லை.

அந்த நாற்பத்தேழு வினாடியைச் சொல்ல வேண்டுமென்றால் என் மனைவி சௌம்யாவின் போன் திரையிலிருந்து ஆரம்பிக்க வேண்டும். கொஞ்சம் பொறுமையாகப் படியுங்கள்.

என் பெயர் ஹரிஷ்குமார். சொந்த ஊர் ஊத்தங்கரை. பொம்மனஹள்ளியில் கிளெமென்ட் என்பவரின் மொபைல் சர்வீஸ் கடையில் ஒன்பது வருடமாக வேலை செய்கிறேன். டிஸ்ப்ளே மாற்றுவது, பேட்டரி மாற்றுவது எல்லாம் எல்லாக் கடையிலும் செய்வார்கள். என்னைத் தேடி வருகிறவர்கள் செட்டிங் செய்துகொள்ளத்தான் வருவார்கள். திரை நூற்றிருபதில் ஓடினால் விரல் வைத்துத் தள்ளும்போது வழுக்கிக்கொண்டு போகும், பார்க்க அழகு, ஆனால் சார்ஜ் சீக்கிரம் தீரும். அறுபதில் வைத்தால் லேசாக உதறும், சார்ஜ் நிற்கும். இப்போது வரும் போன்கள் தாமாகவே ஏற்றி இறக்கிக்கொள்ளும் என்று பெயர். அது எல்லாருக்கும் சரியாக அமைவதில்லை. எந்த ஆப்புக்கு எவ்வளவு என்று தனித்தனியாகக் கட்டிப்போட வழி உண்டு. வருகிறவரிடம் நான் கேட்பது இதுதான்: "உங்களுக்குக் கண்ணு முக்கியமா, சாயங்காலம் முக்கியமா?" சாப்பாடு டெலிவரி செய்கிற பையன்கள் எல்லாருமே சாயங்காலம் என்பார்கள். அவர்களுக்கு மேப்பை அறுபதில் கட்டிவிடுவேன். சார்ஜ் இரண்டு மணி நேரம் கூடுதலாக நிற்கும். தேடி வந்து நன்றி சொல்லிவிட்டுப் போவார்கள்.

இந்த வேலையில் எனக்குக் கர்வம் உண்டு. இருந்தது என்று எழுத வேண்டும்.

சௌம்யாவை எனக்குக் கட்டிவைத்து ஐந்து வருடம் ஆகிறது. அவளுக்கு அப்பா சின்ன வயதிலேயே போய்விட்டார், அம்மா இரண்டு வருடத்துக்கு முன்னால். மீதி இருந்தது தங்கை வீணா மட்டும்தான். வீணாவை ஓசூரில் முனியப்பனுக்குக் கொடுத்திருந்தது. அவர் ஒரு உதிரிபாகத் தொழிற்சாலையில் ஷிப்ட் வேலை பார்ப்பவர். இப்போது உங்கள் காவலில் இருக்கிறார். அவரைப் பற்றி எழுத எனக்கு ஒன்றுமில்லை. அவர் செய்ததை அவரே சொல்லட்டும்.

சௌம்யாவுக்கு பொம்மசந்திராவில் ஒரு மருந்துக் கிடங்கில் வேலை. அலமாரியிலிருந்து மருந்தை எடுத்து, அட்டையில் இருக்கும் கோடுகளை ஸ்கேன் செய்து பெட்டியில் போட வேண்டும். அந்தக் கிடங்கில் ஸ்கேன் செய்யத் தனிக் கருவி தருவதில்லை. அவரவர் போனில் ஆப்பை ஏற்றிக்கொள்ளச் சொல்கிறார்கள். காலை எட்டரையிலிருந்து மாலை ஐந்தேகால் வரைக்கும் திரை எரிந்துகொண்டே இருக்கும். தீப்பிடிக்கும் என்று பயந்து உள்ளே சார்ஜ் போடவும் விடமாட்டார்கள். அந்த நேரத்தில் யாருக்கும் கூப்பிடவும் கூடாது, வருகிற அழைப்பை எடுக்கவும் கூடாது. வேலை விட்டதும் ஓசூர் ரோட்டில் பஸ் பிடித்து, நெரிசலில் ஊர்ந்து, வீட்டுக்கு வர ஏழு மணி ஆகிவிடும்.

அந்த ஒன்றரை மணி நேரம் அவள் வீணாவோடு பேசிக்கொண்டே வருவாள். முதலில் அதில் எனக்கு எந்த வருத்தமும் இல்லை. நான் ஆறரைக்கே வீட்டுக்கு வந்துவிடுவேன். கடையைச் சாத்துவது கிளெமென்ட். டீ போட்டு ஃப்ளாஸ்க்கில் ஊற்றி வைத்துவிட்டு உட்கார்ந்திருப்பேன். படியேறி வரும்போதே அவள் சிரிப்பது கேட்கும். ஒருநாள் அப்படிச் சிரித்தபடி, "அந்தாளு மூஞ்சிய நீ பாத்திருக்கணும்டி" என்று முடித்துவிட்டு உள்ளே வந்தாள். யார் மூஞ்சி என்று கேட்டேன். "அது ஒண்ணுமில்லீங்க, குடோன்ல சும்மா" என்று சொல்லிவிட்டு அரிசி கழுவப் போய்விட்டாள். கிடங்குக்குள் புறா ஒன்று புகுந்து சூப்பர்வைசரை ஓட ஓட விரட்டியதாம். இதையும் அவள் என்னிடம் சொல்லவில்லை, பொங்கலுக்கு வந்திருந்தபோது வீணா சொல்லித்தான் எனக்குத் தெரிந்தது. தினமும் இப்படித்தான். சொல்வதற்கு இருந்ததையெல்லாம் பஸ்ஸிலேயே சொல்லித் தீர்த்துவிட்டுத்தான் வீட்டுக்குள் வருவாள். எனக்கென்று மிஞ்சுவது என்ன குழம்பு என்ற கேள்விதான்.

இதையெல்லாம் ஒரு குறையென்று எழுதுகிறானே என்று நீங்கள் நினைக்கலாம். நினைத்தால் தப்பில்லை. எழுதும்போது எனக்கே கூச்சமாக இருக்கிறது.

பொங்கல் முடிந்து ஒரு வாரத்தில், போனில் ஒரு அப்டேட் வந்து நான் கட்டி வைத்திருந்த செட்டிங் எல்லாம் கலைந்துவிட்டது. திரை தானாக நூற்றிருபதுக்கு ஏறி நின்றுவிட்டது. அன்றைக்கு வேலை விட்டு பஸ் ஏறியதுமே போன் அணைந்துவிட்டது. சௌம்யா வீட்டுக்கு வந்தாள். செருப்பைக்கூடச் சரியாகக் கழற்றவில்லை, "என்னங்க, இன்னைக்கு என்னாச்சு தெரியுமா" என்று ஆரம்பித்தவள் சமையலறைத் தரையில் உட்கார்ந்து பூண்டு உரித்துக்கொண்டே ஒரு மணி நேரம் பேசினாள். அவள் கூட வேலை செய்யும் தீபிகாவுக்கு மாப்பிள்ளை பார்க்க வந்த கதை. மூன்று தடவை எனக்குச் சிரிப்பு அடங்கவில்லை. கல்யாணமான நாளிலிருந்து நான் அவ்வளவு சந்தோஷமாக இருந்ததில்லை.

அன்றிரவே செட்டிங்கைச் சரிசெய்திருக்கலாம். நாளைக்குச் செய்துகொள்ளலாம் என்று விட்டேன். மறுநாளும் அப்படியே ஆனது. அதற்கு மறுநாள் போன் நாலு மணிக்கே அணைந்து, ஸ்கேன் செய்ய முடியாமல் சூப்பர்வைசரிடம் திட்டு வாங்கிக்கொண்டு வந்தாள். முகம் வாடியிருந்தது. பேசவும் இல்லை. அது எனக்குப் பிடிக்கவில்லை. ஐந்தேகாலுக்கு முன்னால் அணையக் கூடாது, அதற்கப்புறம் நிற்கவும் கூடாது என்று அப்போதுதான் உட்கார்ந்து கணக்குப் போட்டேன்.

மேடம், இந்த இடத்தில் நான் ஒன்றையும் மறைக்கவில்லை. ஸ்கேன் செய்யும் ஆப்பில் படம் அசையாது. அறுபதே அதிகம். அதை மட்டும் நூற்றிருபதில் கட்டினேன். சார்ஜ் எண்பது சதவீதத்தோடு நிற்கும்படி வைத்தேன். பேட்டரிக்கு நல்லது என்று அவளிடம் சொன்னேன், அது உண்மையும்கூட. எண்பது பத்தாமல் போனபோது எண்பத்தைந்து ஆக்கினேன். திரையின் வெளிச்சத்தை ஒரு நூல் ஏற்றினேன், பிறகு இறக்கினேன். இரண்டு வாரம் பிடித்தது. கடைசியில் அநேகமாக எல்லா நாளும் ஐந்தேகாலுக்கும் ஐந்தரைக்கும் நடுவில் அணைந்தது. காசு கொடுத்து வந்த எந்த வாடிக்கையாளருக்கும் நான் அவ்வளவு நுணுக்கமாக வேலை செய்து கொடுத்ததில்லை.

அவளுக்கு அந்தத் திரை ரொம்பப் பிடித்திருந்தது. "வெண்ணெ மாதிரி போவுதுங்க" என்று தள்ளித் தள்ளிப் பார்த்தாள். எங்க வீட்டுக்காரர் செட் பண்ணிக் கொடுத்தது என்று தீபிகாவிடம் காட்டினாளாம்.

சார்ஜ் நிற்கவில்லையே என்று அவள் கேட்காமல் இல்லை. நீ மத்தியானம் வீடியோ பார்க்கிறாய் என்றேன். "இல்லீங்க, சத்தியமா பாக்கல" என்றாள். மறுபடியும் கேட்டபோது மறுபடியும் அதையே சொன்னேன். மூன்றாவது வாரம், "ஆமாங்க, சாப்பிடும்போது கொஞ்சம் பாத்துட்டேன்" என்று தலையைக் குனிந்துகொண்டு ஒத்துக்கொண்டாள். அவள் பார்க்கவில்லை. போனைத் திறந்தால் எந்த ஆப் எவ்வளவு நேரம் ஓடியது என்று எனக்குத் தெரிந்துவிடும். பார்க்காத வீடியோவைப் பார்த்ததாக ஒத்துக்கொண்டாள். அவளை அந்த அளவுக்குக் கொண்டுவந்தது நான். பவர் பேங்க் வேண்டும் என்றாள். கடையிலிருந்து ஒன்று கொண்டுவந்து கொடுத்தேன். உள்ளே இருந்த செல்லை எடுத்துவிட்டுச் செத்துப்போன செல்லைப் போட்டுக் கொடுத்தேன். அவள் அதை மூன்று மாதம் பையில் சுமந்தாள்.

வீணா அடிபடுவது எனக்குத் தெரியாது என்று ஸ்டேஷனில் சொன்னேன். தெரியும். மார்ச் மாதமே சௌம்யா சொல்லிவிட்டாள். "முனியப்பன் கை நீட்டுறாருங்க. காதுல அடிச்சு ஒரு பக்கம் கேக்கலயாம்." வீட்டுக்கு வீடு நடப்பதுதானே என்று சொன்னேன். இரவில் வீணாவின் போனை முனியப்பன் வாங்கி யார் யாரிடம் பேசினாள் என்று பார்ப்பார். அவர் மத்தியான ஷிப்டில் இருக்கும் நாட்களில்தான், அதுவும் சௌம்யா பஸ்ஸில் வரும் அந்த ஒன்றரை மணி நேரத்தில்தான், அக்காவும் தங்கையும் மனம் விட்டுப் பேச முடியும். ஏழு மணிக்கு மேல் அவர் தொழிற்சாலையிலிருந்து அடிக்கடி கூப்பிட்டுப் பார்ப்பார், லைன் பிஸியாக இருந்தால் அதற்கும் அடி. பேசி முடித்ததும் அந்த அழைப்பை வீணா போனிலிருந்து அழித்துவிடுவாள். இதெல்லாம் தெரிந்த பிறகும் நான் செட்டிங்கை மாற்றவில்லை. சௌம்யா ஏழு மணிக்கு வந்து என்னிடம் பேசிக்கொண்டிருந்தாள். முன்பு சூப்பர்வைசரும் மாப்பிள்ளையும் பேச்சில் இருந்தார்கள், இப்போது பாதிப் பேச்சு வீணாவைப் பற்றிய கவலைதான். அதையும் என்னிடம்தானே சொல்கிறாள் என்று எனக்கு உள்ளூர ஒரு திருப்தி இருந்தது.

வீணாவின் போனையும் நான்தான் செட் செய்து கொடுத்தேன். அதே பொங்கலுக்கு வந்திருந்தபோது, "மாமா, என் போனு பழசு, சார்ஜே நிக்கறதில்ல, பாத்து எதுனா பண்ணுங்களேன்" என்று கொடுத்தாள். முதல்முறையாக உரிமையோடு ஒன்று கேட்டாள். எல்லா ஆப்பையும் அறுபதில் கட்டி, பேட்டரியை மாற்றி, தேவையில்லாததை எல்லாம் எடுத்துவிட்டேன். அவளுக்கு நேர்மையாகத்தான் செய்து கொடுத்தேன். அவள் உடலை எடுத்தபோது அவள் போனில் அறுபத்தொரு சதவீதம் சார்ஜ் இருந்தது என்று நீங்கள்தான் சொன்னீர்கள்.

இவை எல்லாவற்றையும் நிறுத்த எனக்கு ஒரு சந்தர்ப்பம் வந்தது. போன மாதம் முதல் வாரத்தில் நான் டிஸ்ப்ளே சரக்கு எடுக்க சிவாஜிநகர் போயிருந்தேன். அன்றைக்கு அரை நாள் விடுப்பு போட்டிருந்த சௌம்யா போனைக் கடைக்கே எடுத்துக்கொண்டு வந்துவிட்டாள். கிளெமென்ட் பார்த்திருக்கிறார். நான் திரும்பி வந்ததும் என்னைக் கல்லாவுக்குப் பக்கத்தில் கூப்பிட்டார். பெங்களூர்ப் பழக்கத்தில் அவருக்கு யாராயிருந்தாலும் குருதான்.

"ஏன் குரு, உன் வொய்ஃப் போன்ல யாரு இப்டி கட்டி வச்சது? ஸ்கேன் பண்ற ஆப்புக்குப் போயி நூத்தி இருவது எதுக்கு?"

"அவளே எதையாவது அமுக்கியிருப்பாண்ணே."

"அமுக்குனா வர்ற எடம் இல்லையே அது" என்றார். "நான் ஆட்டோல போட்டுட்டேன். இனி சார்ஜும் நூறு வரைக்கும் ஏறும். பாவம்ப்பா அந்தப் பொண்ணு, தான்தான் வீடியோ பாத்துக் கெடுத்துட்டேன்னு என்கிட்ட சாரி சொல்லுது."

அவர் அதற்கு மேல் எதுவும் கேட்கவில்லை. ஞாயிறு தவறாமல் பூசைக்குப் போகிற மனிதர். என்னிடமிருந்து அப்படி ஒன்றை எதிர்பார்த்திருக்க மாட்டார்.

அந்த வாரம் முழுக்கப் போன் நின்றது. முனியப்பனுக்குப் பதினைந்து நாளுக்கு ஒருமுறைதான் ஷிப்ட் மாறும். அந்தப் பதினைந்து நாளும் மத்தியான ஷிப்ட். அக்காவும் தங்கையும் தினமும் பேசினார்கள். சௌம்யா ஏழு மணிக்கு வருவாள், கண் சிவந்திருக்கும், பேசமாட்டாள். சனிக்கிழமை சாப்பாட்டுத் தட்டை வைத்துவிட்டுச் சொன்னாள்.

"வீணா இங்க வந்துரட்டுங்க. இனிமே அங்க இருந்தா அவளக் கொன்னே போட்டுருவாரு. கொஞ்ச நாளைக்கு நம்மகூட இருக்கட்டும். அப்பறம் ஒரு வேலையப் பாத்துக்கும்."

"வரட்டும்" என்றேன்.

"நெசமாவா?" என்று என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

ஏற்பாடு இதுதான். அடுத்த வாரத்தில் எந்த நாள் தோதுப்படுகிறதோ அன்றைக்கு வீணா ஐந்து இருபதுக்குக் கூப்பிடுவாள். சௌம்யா வீட்டுப் பக்கம் வராமல் எதிர்ப்பக்கத்துப் பஸ் ஏறி ஓசூர் போய் அவளைக் கூட்டிக்கொண்டு வருவாள். நான் கிளம்பிவிட்டேன் என்று அக்கா சொல்லும் வரைக்கும் வீணா வீட்டைவிட்டு வெளியே கால் வைக்கக் கூடாது. பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்தில் முனியப்பனின் சித்தப்பா டீக்கடை வைத்திருந்தார், தனியாக நின்றால் பார்த்துவிடுவார். சௌம்யாவின் போன் வழக்கம்போல் அணைந்துவிட்டால் மாமாவுக்குக் கூப்பிடு என்று சௌம்யாவே தங்கையிடம் சொல்லி வைத்திருந்தாள். கிடங்கு வாசல் செக்யூரிட்டியின் நம்பரை என் போனில் அவளே பதிந்து கொடுத்தாள். அவருக்கு ஒரு வார்த்தை சொன்னால் போதும், வேலை விட்டு வெளியே வருகிறவளை நிறுத்திச் சொல்லிவிடுவார்.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் சௌம்யா மொட்டைமாடியில் துணி காயப்போட்டுக்கொண்டிருந்தாள். நான் கீழே உட்கார்ந்து யோசித்தேன். எங்கள் வீடு ஒரே அறை. வீணா வந்தால் இரண்டு பேரும் ஒரே பாயில் படுத்துக்கொண்டு விடிய விடியப் பேசுவார்கள். நான் சமையலறையில் படுக்க வேண்டியிருக்கும். எனக்கு மறுபடியும் குழம்புக் கேள்விதான். அவள் போன் சார்ஜில் இருந்தது. எடுத்து மறுபடியும் நூற்றிருபதில் கட்டி, சார்ஜையும் எண்பத்தைந்தோடு நிறுத்தினேன். இரண்டு நிமிட வேலை.

வீணா சாக வேண்டும் என்று நான் நினைக்கவில்லை. நாள் தள்ளிப்போகட்டும், ஷிப்ட் மாறட்டும், ஏற்பாடு தானாக ஆறிப்போகட்டும் என்றுதான் நினைத்தேன். இதை எழுதினால் கொஞ்சம் நல்லவனாகத் தெரிவேனோ என்று பார்த்தேன். தெரியவில்லை.

திங்கள், செவ்வாய், புதன் மூன்று நாளும் போன் அணைந்தது. "மறுபடியும் ஆரம்பிச்சிருச்சுங்க" என்று சௌம்யா பதறினாள். நான் இருக்கிறேன், எனக்குக் கூப்பிடுவாள், கவலைப்படாதே என்றேன்.

வியாழக்கிழமை ஐந்து இருபத்திரண்டுக்கு வீணா கூப்பிட்டாள். நான் ஒரு போனின் பின்மூடியைக் கழற்றிக்கொண்டிருந்தேன். சிக்னல் நன்றாகவே இருந்தது. ஒவ்வொரு வார்த்தையும் கேட்டது.

"மாமா, அக்கா போனு ஆஃப்ல இருக்குது. இன்னைக்கே கெளம்பிரலாம்னு பை எடுத்து வச்சிட்டேன். காலையில ரொம்ப ஆயிப்போச்சு மாமா. அக்காவ வரச் சொல்றீங்களா? நான் கெளம்பட்டுமா?"

பேசும்போது மூச்சு வாங்கியது. நான் சொன்னதை ஒரு எழுத்தும் மாற்றாமல் எழுதுகிறேன்.

"இன்னைக்கு வேணாம்மா. உங்க அக்காவுக்கு இன்னைக்கு ஓவர்டைம். நீ எங்கயும் போவாத, வீட்டுலயே இரு. அவ வந்ததும் நான் சொல்றேன்."

"அக்கா எத்தினி மணிக்கு வரும் மாமா? லேட்டானாலும் பரவால்ல, நான் ரெடியா இருக்கேன்."

"சொல்றேன்மா. வீட்டுலயே இரு."

"சரிங்க மாமா" என்று வைத்துவிட்டாள். இதுதான் நீங்கள் கேட்ட நாற்பத்தேழு வினாடி.

ஓவர்டைம் எதுவும் இல்லை. அந்த நேரத்தில் சௌம்யா கிடங்கு வாசலில்தான் பஸ்ஸுக்கு நின்றிருப்பாள். செக்யூரிட்டியின் நம்பர் என் போனில் இருந்தது. நான் கூப்பிடவில்லை. வீணாவின் அழைப்பை என் போனிலிருந்து அழித்தேன். பின்மூடியை முழுவதும் கழற்றி, பேட்டரியை மாற்றி, மூடினேன். யார் போனில் என்று கிளெமென்ட் கேட்டார். லோன் வேணுமா என்று கேட்கிறார்கள் என்றேன்.

சௌம்யா ஏழு மணிக்கு வந்தாள். முதல் கேள்வியே, "வீணா கூப்டுச்சா?" என்பதுதான். இல்லை என்றேன். "அப்ப இன்னைக்கு ஒண்ணும் பிரச்சன இல்லபோல" என்று பெருமூச்சு விட்டாள். வெள்ளிக்கிழமை லீவு சொல்லிவிட்டேன், நானே ஓசூர் போய்ப் பார்த்துவிட்டு வருகிறேன் என்றாள். பிறகு டீயைக் குடித்துக்கொண்டே, கிடங்கில் குளுக்கோஸ் பெட்டிக்குப் பின்னால் பூனை நாலு குட்டி போட்டிருப்பதையும், சூப்பர்வைசர் அதற்குத் தினம் பால் பாக்கெட் வாங்கி வருவதையும் சொன்னாள். நன்றாகச் சொன்னாள். அந்த ஆள் நடப்பதைப்போல் நடந்து காட்டினாள். நான் சிரித்தேன். சொல்லிவிடலாம், இன்னும் நேரம் இருக்கிறது என்று ஒரு பக்கம் தோன்றிக்கொண்டே இருந்தது. இந்தப் பேச்சு முடியட்டும் என்று இருந்தேன். அது முடிந்ததும் வேறொன்றை ஆரம்பித்தாள்.

போனை அணைத்து வைத்துச் சார்ஜ் போட்டால்தான் பேட்டரி கெடாது என்று அவளுக்குப் பழக்கியிருந்தேன். அன்றைக்கும் அவள் கையிலிருந்து வாங்கி நானே சார்ஜில் போட்டேன். காலையில் ஆறு மணிக்கு அதைத் திறந்தபோது பதினொரு மிஸ்டு கால் தகவல் வரிசையாக வந்தது. கடைசியாக வந்தது இரவு பத்தேகாலுக்கு. அவள் அதை முழுவதும் படிப்பதற்குள் ஓசூரிலிருந்து என் போனுக்கு அழைப்பு வந்துவிட்டது.

வீணா பையை மடியில் வைத்துக்கொண்டு வாசற்படியில் உட்கார்ந்திருந்தாள் என்று பக்கத்து வீட்டு அம்மா உங்களிடம் சொன்னதாகச் சொன்னீர்கள். அக்கா வருது, அக்கா வருது என்று சொன்னாளாம். முனியப்பன் பத்தரைக்கு ஷிப்ட் முடிந்து வந்து அந்தப் பையைத்தான் முதலில் பார்த்திருக்கிறார். எல்லாவற்றையும் எடுத்து வைத்த பெண் ஐந்து மணி நேரம் ஏன் கிளம்பவில்லை என்று உங்களுக்குப் புரியவில்லை என்றீர்கள். வீட்டிலேயே இரு என்று நான் சொன்னேன், அதனால்தான் கிளம்பவில்லை. நான் அவளுக்கு மாமா. என் வார்த்தையை நம்பினாள்.

அடக்கம் முடிந்து வந்த நாளிலிருந்து சௌம்யா அந்தப் போனைத் தொடவில்லை. "சார்ஜ் போடத் துப்பில்லாம என் தங்கச்சியக் கொன்னுட்டேனே" என்று சுவரில் தலையை முட்டிக்கொள்கிறாள். உன்மேல் எந்தத் தப்பும் இல்லை என்று சொல்லித் தடுக்கிறேன். அவளிடம் எத்தனையோ மாதத்துக்குப் பிறகு நான் சொல்கிற உண்மை அது ஒன்றுதான், அதை அவள் நம்பமாட்டேன் என்கிறாள். வேலையை விட்டுவிட்டாள். வருகிற திங்கட்கிழமை உங்களிடம் வந்து, என் அஜாக்கிரதையால்தான் என் தங்கை செத்தாள் என்று எழுதிக் கையெழுத்துப் போடப் போகிறாளாம். அந்தக் காகிதத்தில் அவள் கையெழுத்துப் போடுவதை மட்டும் என்னால் பார்க்க முடியாது. அதற்காகத்தான் இதை எழுதினேன். எழுத எழுத என் முகத்தை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியவில்லை. கிளெமென்ட் அண்ணனை நேராகப் பார்க்க முடியாமல் நான்கு நாளாகக் கடைக்கும் போகவில்லை.

சட்டத்தில் எனக்கு என்ன உண்டோ அதைச் செய்யுங்கள். திரையைக் கூடுதலாக ஓடவிட்டதற்குப் பிரிவு எதுவும் இருக்குமா என்று தெரியவில்லை. பொய் சொன்னதற்கு இருக்கும்.

ஒரே ஒரு வேண்டுகோள். இதை சௌம்யாவிடம் உடனே சொல்லிவிடாதீர்கள். கொஞ்ச நாளாகத்தான் ராத்திரியில் இரண்டு வாய் சாப்பிடுகிறாள். என் பக்கத்தில் உட்கார்ந்து சின்ன வயதில் இரண்டு பேரும் செய்த சேட்டைகளை ஒவ்வொன்றாகச் சொல்கிறாள். முன்பு ஒருநாளும் சொல்லாத கதைகள், முழுசாக, என்னிடம் சொல்கிறாள். சொல்லித்தான் ஆக வேண்டும் என்றால் நான் கூட இருக்கும்போது சொல்லுங்கள். கேட்டதும் அவள் உடைந்துபோவாள். அந்த நேரத்தில் அவளைப் பிடித்துக்கொண்டு ஆறுதல் சொல்ல என்னை விட்டால் அவளுக்கு யாருமில்லை.